எழுதியவர் பெயரையும் போடுங்கள்

திரைப்படச் சங்கங்களை நடத்தும் நண்பர்களுக்கு,

வணக்கம். போன மாதம் ஒரு திரையிடலுக்குப் போயிருந்தேன். 2018இல் வெளிவந்த பின்லாந்துப் படம், ஆங்கிலத்தில் 'ஒன் லாஸ்ட் டீல்'. வாசலில் கொடுத்த துண்டுத்தாளில் இயக்குநர் கிளவுஸ் ஹாரோ இருந்தார், நடிகர்கள் இருந்தார்கள், படம் எத்தனை நிமிடம் என்பதுகூட இருந்தது. திரைக்கதை எழுதிய அன்னா ஹெய்னமா மட்டும் இல்லை. கையெழுத்தில்லாத ஓவியத்தைப் பற்றிய படத்துக்கே இப்படியா என்று சிரித்துக்கொண்டேன்.

ஹெல்சிங்கியில் ஓவியங்களை வாங்கி விற்கும் முதியவர் ஒலாவி. தொழிலை முடித்துக்கொள்ளும் நேரத்தில், ஏலத்துக்கு வந்த ஒரு பழைய ஓவியம் அவர் கண்ணில் படுகிறது. ரஷ்ய ஓவியர் இலியா ரெபின் வரைந்தது என்று மனசு சொல்கிறது. ஆதாரம் இல்லை, வாங்கக் காசும் இல்லை. அந்த நேரம் பார்த்து, ஒட்டுறவு விட்டுப்போன மகளின் பையன் ஓட்டோ வேலைப் பயிற்சிக்கென்று வந்து நிற்கிறான்.

சுவரில் தொங்கும் ஓவியம் அசையாது. கேமரா அதையே எவ்வளவு நேரம் காட்டும்? அதனால் ஓவியரின் வாழ்க்கையைப் படமாக்கிவிடுவார்கள். பின்லாந்திலேயே 2020இல் வந்த 'தோவே', 'ஹெலேனே' இரண்டும் அப்படித்தான். 'தோவே'வை எழுதியவர் ஏவா புத்ரோ, அதில் நடித்தும் இருக்கிறார். நல்ல படங்கள்தான். ஆனால் ஹெய்னமா ஓவியரை விட்டுவிட்டு, ஓவியத்தைப் பார்க்கிற கிழவரைப் பிடித்துக்கொண்டார். யார் வரைந்தது என்று தாத்தாவும் பேரனும் பழைய தடயங்களைத் தேடுவது துப்பறியும் கதைபோல ஓடுகிறது. கையெழுத்து ஏன் இல்லை என்பதுதான் முடிச்சு. பார்க்காதவர்களுக்காக அதை இங்கே அவிழ்க்கவில்லை.

ரெபினைத் தேர்ந்ததும் சும்மா இல்லை. 1903 முதல் அவர், அப்போது ரஷ்ய ஆட்சியில் இருந்த பின்லாந்தின் குவோக்கலா என்ற ஊரில் வாழ்ந்தார். 1917இல் பின்லாந்து சுதந்திர நாடானதும் அவர் வீடு ரஷ்ய எல்லைக்கு வெளியே போய்விட்டது. அங்கேயே தங்கி, 1930இல் அங்கேயே இறந்தார். பிறகு அந்த ஊர் சோவியத் வசம் போனது. இன்று அதன் பெயரே ரெபினோ. அவர் ஓவியம் ஒன்று ஹெல்சிங்கி ஏலத்தில் கேட்பாரற்றுக் கிடக்கும் என்றால் நம்ப முடிகிறது, இல்லையா?

இதே ஹாரோ 2015இல் எடுத்த 'தி ஃபென்சர்' கோல்டன் குளோப் பரிந்துரை வரை போனது. அதை எழுதியவரும் ஹெய்னமாதான். இரண்டு படத்துக்கும் பிறகும் நம் கூட்டங்களில் "ஹாரோ படம்" என்றே பேசுகிறோம். நானும் அப்படிச் சொல்லியிருக்கிறேன்.

தாளில் இடமில்லை என்பீர்கள். சரி, நிமிடக் கணக்கை எடுத்துவிடுங்கள், அது யாருக்கு வேண்டும்? அந்த இடத்தில் 'திரைக்கதை' என்று ஒரு வரி சேருங்கள். அப்புறம், படம் முடிந்து நடக்கும் கலந்துரையாடலில் ஒளிப்பதிவுக்குக் கொடுக்கும் நேரத்தில் பாதியாவது எழுத்துக்கும் கொடுங்கள்.

இப்படிக்கு,
கடைசி வரிசையில் உட்காரும் ஒருவன்