எட்டு முழ வேட்டி

சிவமயம்

கோட்டையூர்

அன்பு மகள் மெய்யம்மைக்கு அப்பச்சி எழுதுவது. இங்கு எல்லோரும் நலம். உன் ஆத்தாவுக்கு முழங்கால் வலி மட்டும் அப்படியேதான் இருக்கிறது.

நீ எடுத்து அனுப்பிய ஆவணப்படத்தை நேற்று ராத்திரி மூன்றாவது தடவையாகப் பார்த்தேன். முதல் தடவை, உண்மையைச் சொல்கிறேன், டிவி நின்றுவிட்டது என்று ரிமோட்டைத் தட்டினேன். ஆத்தங்குடிக்காரர் தரைக்கல் செய்கிற இடத்தில்தான். கண்ணாடி மேல் அச்சை வைக்கிறார், சாயம் ஊற்றுகிறார், அச்சைத் தூக்குகிறார், உலர்ந்த சிமெண்டும் மணலும் தூவுகிறார், அப்புறம் ஈரக் கலவை. பேச்சும் இல்லை, பாட்டும் இல்லை. கடைசியில் கண்ணாடியைப் பிரித்து எடுக்கும்போதுதான் எனக்கு உறைத்தது: கல்லின் பளபளப்பு தேய்த்து வருவதில்லை, கண்ணாடி தந்துவிட்டுப் போவது. அறுபது வருஷமாக அதன் மேல்தான் நடக்கிறேன், இது தெரியாது. நீ விளக்கம் பேசியிருந்தால் காதில் வாங்கியிருப்பேனா என்பது சந்தேகம்.

பாங்கு வேலையை விட்டு நாலு வருஷம். கல்யாண வீடியோ எடுத்து வாடகை கட்டுகிறாய், மிச்சத்தில் படம் எடுக்கிறாய். சொந்தக்காரர்கள், "உங்க மக எந்த டிவியில இருக்கு?" என்று கேட்கிறார்கள். முன்னெல்லாம் பேச்சை மாற்றுவேன். இப்போது, "நம்ம ஊர் ஏ.கே. செட்டியார் செய்த வேலை" என்கிறேன். 1937-இல் நியூயார்க்கிலிருந்து டப்ளின் போகிற கப்பலில் காந்தியைப் பற்றிப் படம் எடுக்க அவருக்குத் தோன்றியபோது வயது முப்பதுகூட ஆகவில்லை. உலகம் சுற்றி 50,000 அடி பிலிம் சேர்த்து, 1940-இல் வெளியிட்டபோது வைத்துக்கொண்டது 12,000 அடி. வட்டிக்கடைக் கணக்கில் பார்த்தால் பெரும் நஷ்டம்! நீயும் 140 மணி நேரம் எடுத்து 70 நிமிஷம் வைத்திருக்கிறாய். அவர் பயணக் கட்டுரைகளில் தன்னைப் பற்றி அதிகம் பேச மாட்டார். உன் குரலும் படத்தில் ஒரே இடத்தில்தான் வருகிறது. எனக்குப் பிடித்திருந்தது.

சரி, பிடிக்காததையும் சொல்லிவிடுகிறேன். பங்காளி வீட்டு முகப்பிலிருந்து பர்மா தேக்குத் தூணைப் பெயர்த்து, காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருக் கடைக்கு வண்டியில் ஏற்றுகிற இடம். உன் அப்பத்தா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அழுகிறார். அவருக்குக் கேமரா இருப்பதே மறந்துபோயிருந்தது. உனக்கு மறக்கவில்லை. அந்த இரண்டு நிமிஷம்தான் படத்திலேயே உயிரான இடம் என்று எனக்கும் தெரியும். அதனால்தான் எழுதுகிறேன். திரைப்பட விழாவுக்கு அனுப்புவதற்கு முன் நீயே வந்து, பக்கத்தில் உட்கார்ந்து, அவருக்குப் போட்டுக் காட்டு. வேண்டாம் என்றால் வெட்டிவிடு. போனில் கேட்காதே, போனில் அவர் எல்லாவற்றுக்கும் "சரித்தா" என்றுதான் சொல்வார்.

சீப்புச்சீடையும் மாவுருண்டையும் தனியாக அனுப்பியிருக்கிறேன்.

பிள்ளையார் நோன்புக்கு வருகிறாயா? வந்தால் வளவு முற்றத்தில் திரை கட்டிப் போடலாம். எட்டு முழ வேட்டி ஒன்று வெளுத்து வைக்கிறேன். அது போதுமா, இரண்டைச் சேர்த்துத் தைக்க வேண்டுமா என்று எழுது.

அப்பச்சி