காமினி பொன்சேகா மாலை நிகழ்வுக்குக் கை கொடுத்தவர்களுக்கு

அன்பானவர்களே,

போன சனிக்கிழமை திருகோணமலையில் சிங்கள நடிகர் காமினி பொன்சேகாவைப் பற்றிக் கதைத்து, அவர் நடித்த 'சருங்கலே' படத்தையும் பார்த்தோம். முடிந்ததும் நன்றி சொல்ல எழும்பினேன். தொண்டை அடைத்துவிட்டது. இரண்டு பெயர் சொல்வதற்குள் இருந்துவிட்டேன். அன்று சொல்லாமல் விட்டதை இங்கே எழுதுகிறேன். பெயர் போடவேண்டாம் என்று பலர் கேட்டதால் பெயர்கள் இல்லை. உங்களுக்கு உங்களைத் தெரியும்.

முதல் நன்றி சிங்களம் படிப்பிக்கும் ரீச்சர் அக்காவுக்கு. எனக்குக் கடைச் சிங்களம் மட்டும்தான் தெரியும். படத்தை ஒரு நிமிடம் ஓடவிடுவார், நிறுத்துவார், இலகுவான சிங்களத்தில் அர்த்தம் சொல்லுவார். நான் அதைத் தமிழில் சீ.ஆர். கொப்பியில் எழுதுவேன். இரண்டு வாரம், பின்னேரம் பின்னேரமாக இதே வேலை. கடைசிக் கட்டம் வந்த நாளில் அவர் பேனையை மூடி வைத்துவிட்டு, "மல்லி (தம்பி), இன்றைக்குப் போதும்" என்றார். தேத்தண்ணீர் குடித்துவிட்டு ஒன்றும் பேசாமல் இருந்தோம். மிச்சத்தை அடுத்த நாள்தான் எழுத முடிந்தது.

படம் பார்க்காதவர்களுக்குச் சொல்கிறேன். சுனில் ஆரியரத்ன இயக்கி 1979இல் வந்த படம். அதில் நடராஜா என்ற யாழ்ப்பாணத்து அரசாங்க கிளாக்கராக வருகிறார் காமினி. சிங்களத் திரையின் முதல் வரிசைக் கதாநாயகன், சண்டைக்கும் வீரத்துக்கும் பெயர் போனவர், ஒரு சாதாரணத் தமிழனாக நடித்தார். பகிடிக்காகக் கொண்டுவந்து நிறுத்திய தமிழன் இல்லை. ஆசையும் குடும்பக் கவலையும் உள்ள முழு மனிதன். யாழ்ப்பாணத்துச் சாதிக் கொடுமையையும் படம் விடவில்லை, இனக்கலவரத்தையும் விடவில்லை. 1983 கலவரத்துக்கு நாலு வருடம் முதல் வந்த படம் என்பதை நினைத்தால் இன்றைக்கும் நெஞ்சு பதறுகிறது. அவர் நடித்ததில் எனக்கு இதுதான் பெரிது. 1972இல் வந்த 'நிதானய'வில் புதையலுக்காகக் கொலை செய்யத் துணியும் வில்லி அபேநாயக்க என்ற மனிதனாக வந்ததைத்தான் பலரும் முதலில் சொல்லுவார்கள். சரி, அதுவும் லேசான நடிப்பில்லை.

அடுத்தது உட்துறைமுக வீதி ஐயாவுக்கு. காமினி நடித்த 'ரன் முத்து தூவ' படத்தைப் பற்றி நான் வாசித்ததை எல்லாம் அவர் பத்து நிமிடத்தில் கடலோடு சேர்த்துக் காட்டிவிட்டார். 1962இல் வந்த முதல் சிங்கள வண்ணப் படம் அது, ஆர்தர் சி. கிளார்க்கும் மைக் வில்சனும் அதன் பின்னால் நின்றவர்கள். நீருக்கடியில் எடுத்த காட்சிகளுக்காக எங்கள் கடலுக்குத்தான் வந்தார்கள். ஐயா என்னைக் கோணேசர் மலையடிக்குக் கூட்டிக்கொண்டு போய், கையை நெற்றியில் வைத்து வெயிலை மறைத்தபடி, "தம்பி, அந்தா, அந்தப் பக்கம்" என்று தண்ணீரைக் காட்டினார். அங்கே நின்றபோதுதான் எனக்கு உறைத்தது: அந்தக் கடலுக்கு இளம் நடிகனாக வந்த மனிதர், 33 வருடத்துக்குப் பிறகு, 1995இல், வடக்கு கிழக்கு மாகாண ஆளுநராக இதே ஊருக்குத் திரும்பி வந்தார். 1998 வரை இருந்தார். எங்கள் வயதுக்காரர்கள் பலருக்கு அவரை ஆளுநராகத்தான் தெரியும், நடிகராகத் தெரியாது. இந்த நிகழ்வை வைக்கவேண்டும் என்ற எண்ணமே அதனால்தான் வந்தது.

முதலில் தருவதாகச் சொன்ன மண்டபம் மூன்று நாள் இருக்கும்போது கைநழுவியது. அப்போது தன் வீட்டு முற்றத்தைக் கூட்டித் தண்ணீர் தெளித்து, "இங்கே வையுங்கோ" என்ற அன்ரிக்கும், கதிரை இறக்கிய பெடியளுக்கும், கரண்ட் போனபோது ஓடிப்போய் ஜெனரேட்டர் கொண்டுவந்த தம்பிக்கும் என்ன சொல்ல? கை கூப்புகிறேன்.

அப்புறம் பட்டம். 'சருங்கலே' என்றால் பட்டம். வல்வெட்டித்துறையிலிருந்து ஒரு அண்ணை எட்டுமூலைப் பட்டம் ஒன்றை, காற்றில் ஒலி எழுப்பும் விண் பூட்டி, பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டே வந்தார். வாசலில் கட்டிவிட்டோம். படம் ஓடும்போது கடல்காற்று எழும்பிய நேரமெல்லாம் விண் மெதுவாகக் கூவியது. ரீச்சர் அக்கா என் பக்கம் திரும்பிப் பார்த்தார். நானும் பார்த்தேன்.

பட்டம் அன்ரி வீட்டில்தான் இருக்கிறது, பிள்ளைகள் ஏற்றப் போகிறார்களாம். கொப்பியைப் பிரதி எடுத்து வைத்திருக்கிறேன். படத்தைத் தமிழர்களோடு இருந்து பார்க்க விரும்புகிறவர்கள் கேளுங்கள், தருகிறேன்.

நன்றியோடு,
உங்களில் ஒருவன்