சுரத்தைத் திருப்பினா நேரம் திரும்பிடுமா?

ஆசிரியருக்கு வணக்கம்,

நம்ம இதழ்ல வந்துட்டிருக்கிற தொடர்கதையோட போன வாரப் பகுதியைப் படிச்சுட்டு ரெண்டு நாளா அதே நெனப்பாவே இருக்கேன். அந்தச் சடங்கு, ஏழு பேர் வட்டமா உக்காந்து யாழ் மீட்டுறாங்க, இறந்துபோனவன் கடைசி ராத்திரி வாசிச்ச பாட்டை அதோட கடைசி சுரத்துல ஆரம்பிச்சு முதல் சுரம் வரைக்கும் ஒண்ணு கூட பிசகாம வாசிச்சா நேரம் பின்னால போகும்ங்கிறது ஐதீகம், பாதி வாசிக்கும்போதே அணைஞ்ச விளக்கு தானா எரிய ஆரம்பிக்குதே, அந்த இடத்துல எனக்கு நெஜமாவே புல்லரிச்சுடுச்சு. இல்லாத ஒரு இசையை எழுத்துலயே காதுல கேக்க வைக்கிறது லேசுப்பட்ட காரியம் இல்ல. ஆனா ஒரே ஒரு விஷயம் உறுத்துது, எழுத்தாளருக்குப் போய்ச் சேரட்டும்னு தான் இதை எழுதுறேன்.

சுரத்தோட வரிசையைத் திருப்புறது வேற, நேரத்தைத் திருப்புறது வேற சார்.

வரிசையைத் திருப்புற வேலையை மனுஷங்க எவ்வளவோ காலமா பண்ணிட்டு தான் இருக்காங்க. பாட்டு கத்துக்கப் போற குழந்தை முதல் நாள் பாடுற சரளி வரிசையே ஏறின வழியிலயே இறங்கி வர்றது தானே. பிரான்ஸ்ல மாஷோன்னு ஒரு இசையமைப்பாளர் 14ஆம் நூற்றாண்டுலயே "என் முடிவே என் தொடக்கம்"னு ஒரு பாட்டு போட்டிருக்கார், அதுல ஒரு குரல் பாடுறதையே இன்னொரு குரல் பின்னாலிருந்து பாடும். ஜெர்மன் இசையமைப்பாளர் பாக் 1747ல பிரஷ்ய ராஜா குடுத்த மெட்டை வச்சு எழுதின தொகுப்புல நண்டு நடைன்னே ஒரு துண்டு இருக்கு, ஒரே வரியை ஒருத்தர் முன்னாலிருந்தும் இன்னொருத்தர் பின்னாலிருந்தும் ஒரே சமயத்துல வாசிக்கணும். ஆஸ்திரிய இசையமைப்பாளர் ஹைடன் 1772ல எழுதின 47ஆவது சிம்பொனியில ஒரு நடன பாகத்துக்கு அவர் யோசிச்சது பாதி தான், மறுபாதி அதையே பின்னாலிருந்து வாசிக்கிறது.

நம்மகிட்ட அதுக்கெல்லாம் முன்னாடியே சம்பந்தர் இருக்கார். 7ஆம் நூற்றாண்டு, மாலைமாற்று பதிகம். "யாமாமாநீ யாமாமா யாழீகாமா காணாகா, காணாகாமா காழீயா மாமாயாநீ மாமாயா". கடைசி எழுத்துல இருந்து படிச்சுப் பாருங்க, அதே பாட்டு தான் வரும். விகடகவின்னு ஒரு வார்த்தையை வச்சே நாம ஆச்சரியப்படுறோம், அவர் ஒரு பதிகமே பாடியிருக்கார். அதுலயும் யாழ் வருது பாருங்க, கதையைப் படிக்கும்போது எனக்கு முதல்ல ஞாபகம் வந்ததே அது தான்.

இப்ப விஷயத்துக்கு வரேன். எங்க அக்கா பையன் ரெண்டு வயசுல என்னை "மாமா"ன்னு கூப்பிட்ட ஒரு ரெக்கார்டிங் போன்ல வச்சிருக்கேன், மூணு செகண்டு கூட இருக்காது. கதையைப் படிச்ச அன்னிக்கு ராத்திரி ஏதோ தோணி அதை ஒரு ஆப்ல போட்டு ரிவர்ஸ்ல ஓட விட்டேன். எழுத்துப்படி பாத்தா மாமாவைத் திருப்பினாலும் மாமா தானே, ஆனா எனக்குக் கேட்டது "ஆமாம்". தெளிவா, அதே மழலைக் குரல்ல, ஆமாம். தூக்கிவாரிப் போட்டுடுச்சு. நாம எழுத்தைத் தான் இடம் மாத்துறோம், ஒவ்வொரு எழுத்தும் உள்ளுக்குள்ள முன்னோக்கியே தான் போயிட்டிருக்கு, "மா"வுல மெய் முன்னாடி உயிர் பின்னாடி. நெஜமாவே நேரம் திரும்பினா அந்த "மா"வே "ஆம்"னு ஆயிடும். அந்தக் கணக்குல மாலைமாற்று கூட எழுத்துக்குத் தான் மாலைமாற்று, ஒலிக்கு இல்ல.

கதையில வர்ற யாழுக்கும் இதே தான். நரம்பை மீட்டின அந்த நொடியில சத்தம் உச்சத்துல இருக்கும், அப்புறம் கொஞ்சம் கொஞ்சமா தேய்ஞ்சு அடங்கும். நரம்புல இருந்த சக்தி காத்துக்கும் மரத்துக்கும் போயிடுது, போனது தானா திரும்பி வராது. எந்த வீணை ரெக்கார்டிங்கையாவது ரிவர்ஸ்ல ஓட்டிக் கேளுங்க, ஒண்ணுமே இல்லாத இடத்துல இருந்து ஒரு சத்தம் ஊறி ஊறிப் பெருசாகி விரல் படுற இடத்துல டக்குனு வெட்டுப்படும். ஏழு பேர் என்ன தான் பிசகாம வாசிச்சாலும் யாழ்ல அதைக் கொண்டு வரவே முடியாது. ஒவ்வொரு சுரமும் பொறந்து தேய்ஞ்சு முன்னால தான் போகும், அப்ப விளக்கு மட்டும் எப்படி சார் எரியும்?

ஆனா மனுஷக் குரலால முடியும். புல்லாங்குழல், வில் போட்டு வாசிக்கிற வயலின் இதுலயும் ஓரளவு வரும், நூல் மாதிரி ஆரம்பிச்சு வளத்துட்டுப் போய் உச்சத்துல நறுக்குனு நிறுத்தலாம். அதனால என் வேண்டுகோள் என்னன்னா, அடுத்த பகுதியில அந்த விளக்கு பாதியில அணையட்டும், யாழ் தோக்கட்டும், வெளிய நிக்க வச்சிருக்காங்களே அந்தப் பொண்ணு, அவ உள்ள வந்து பாடட்டும். அந்தப் பாட்டையும் எழுத்து எழுத்தா திருப்பாம ஒலி ஒலியா திருப்பிப் பாடட்டும்.

இன்னொண்ணும் எழுத்தாளர் யோசிக்கணும். மெசியான்னு ஒரு பிரெஞ்சு இசையமைப்பாளர், ரெண்டாம் உலகப்போர்ல கைதியாகி கோர்லிட்ஸ் ஜெர்மன் முகாம்ல இருந்தப்ப "காலத்தின் முடிவு"ன்னு நாலு வாத்தியத்துக்கு ஒரு படைப்பு எழுதினார், 1941 ஜனவரி 15ஆம் தேதி அங்கயே கைதிகளுக்கு முன்னாடி வாசிச்சாங்க. அதுல அவர் திருப்பவே முடியாத தாளங்களைப் போட்டிருக்கார், முன்னாலிருந்து எண்ணினாலும் பின்னாலிருந்து எண்ணினாலும் அதே கணக்கு தான் வரும். நேரத்தைப் பின்னால இழுக்க அவர் முயற்சியே பண்ணல, அதுக்குத் திசையே இல்லாம ஆக்கப் பாத்தார். அந்தப் பொண்ணு பாடுறதுக்கு அப்படி ஒரு தாளம் கிடைச்சா எப்படி இருக்கும்னு நெனச்சுட்டே இருக்கேன்.

அடுத்த இதழுக்குக் காத்துட்டிருக்கேன். தொடரை அவசரமா முடிச்சுட வேண்டாம்னு எழுத்தாளர்கிட்ட சொல்லுங்க.

இப்படிக்கு,
உங்க நெடுநாள் வாசகன்