சாகோஸ் பிரிட்டனின் சொத்தா?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். இந்தியப் பெருங்கடலில் உள்ள சாகோஸ் தீவுகளைப் பற்றிச் சென்ற இதழில் வந்த கட்டுரையில் ஒரு வரி: "சர்வதேச நீதிமன்றத் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டு, தனக்குச் சொந்தமான சாகோஸ் தீவுகளை பிரிட்டன் மொரீஷியசுக்கு விட்டுக்கொடுத்துவிட்டது." சர்வதேசச் சட்டம் கற்பிப்பவன் நான், உங்கள் இதழைப் படிக்கும்படி மாணவர்களிடம் சொல்லி வருகிறவன். இந்த ஒரு வரியில் எத்தனை பிழை என்று எழுதாமல் இருக்க முடியவில்லை.

2019 பிப்ரவரி 25 அன்று ஹேக் நகரில் உள்ள சர்வதேச நீதிமன்றம் தந்தது தீர்ப்பு அல்ல, நாடுகளைக் கட்டுப்படுத்தாத ஆலோசனைக் கருத்து. அதைக் கேட்டது ஐ.நா. பொதுச்சபை. மொரீஷியஸ் ஏன் நேரடியாக வழக்குப் போடவில்லை என்று கட்டுரையாளர் ஒரு நிமிடம் யோசித்திருக்கலாம். இரு நாடுகளின் சம்மதம் இல்லாமல் அந்த நீதிமன்றம் எந்த வழக்கையும் விசாரிக்காது. அதன் அதிகாரத்தை ஏற்று பிரிட்டன் கொடுத்திருக்கும் அறிவிப்பில், காமன்வெல்த் நாடுகளுடனான தகராறுகளுக்கு விலக்கு இருக்கிறது. மொரீஷியஸ் காமன்வெல்த் நாடு. நேர்வழி அடைபட்டதால்தான் 2017 ஜூனில் பொதுச்சபையில் 94 நாடுகளின் வாக்கைத் திரட்டிச் சுற்றுவழியில் போனார்கள்.

இதே விலக்கு இந்தியாவின் அறிவிப்பிலும் இருக்கிறது. 1999இல் பாகிஸ்தான் விமானம் சுட்டு வீழ்த்தப்பட்டது தொடர்பாக அந்த நாடு இந்தியா மீது தொடுத்த வழக்கை, தனக்கு அதிகாரம் இல்லை என்று 2000 ஜூனில் நீதிமன்றம் தள்ளியதில் இந்த விலக்குக்கு முக்கியப் பங்கு உண்டு. கச்சத்தீவு பேச்சு எழும்போதெல்லாம் "ஹேக்குக்குப் போகலாமே" என்று தலையங்கம் எழுதுகிறீர்கள். இலங்கையும் காமன்வெல்த் நாடுதான். அது சம்மதிக்காமல் எந்த வழியில் போவது என்று ஒருமுறையாவது எழுதியிருக்கிறீர்களா?

அடுத்து, "தனக்குச் சொந்தமான" என்கிறீர்கள். 1814 பாரிஸ் உடன்படிக்கைப்படி மொரீஷியசையும் அதன் சார்புத் தீவுகளையும் பிரான்ஸ் பிரிட்டனிடம் ஒப்படைத்தது. அன்றுமுதல் சாகோஸ் மொரீஷியசின் பகுதியாகவே ஆளப்பட்டது. 1965 செப்டம்பரில் சுதந்திரம் கேட்டு லண்டன் லங்காஸ்டர் ஹவுசில் நடந்த பேச்சுவார்த்தைக்குப் போன மொரீஷியஸ் தலைவர்களிடம் தீவுகளைப் பிரிக்கச் சம்மதம் வாங்கினார்கள். நவம்பர் 8 அன்று பிரித்தார்கள். 30 லட்சம் பவுண்டு கொடுத்தார்கள். மொரீஷியஸ் சுதந்திரம் பெற்றது 1968 மார்ச் 12. குடியேற்ற நாட்டைத் துண்டாடக் கூடாது என்று ஐ.நா.வின் 1514ஆம் தீர்மானம் 1960லேயே சொல்லிவிட்டது. ஆளுகிறவனின் பிடியில் இருப்பவர்கள் தந்த சம்மதம் சுதந்திரமான சம்மதம் ஆகாது என்பதுதான் 2019 கருத்தின் உயிர்நாடி. அது உங்கள் கட்டுரையில் ஓர் எழுத்தும் இல்லை.

ஆலோசனைக் கருத்து கட்டுப்படுத்தாது என்பதால் அது வெறும் காகிதம் என்றும் எண்ண வேண்டாம். 2019 மே மாதம், ஆறு மாதத்துக்குள் பிரிட்டன் வெளியேற வேண்டும் என்று ஐ.நா. பொதுச்சபையில் 116 நாடுகள் வாக்களித்தன, எதிர்த்தவை ஆறு. 2021இல் மாலத்தீவுடனான கடல் எல்லை வழக்கில், சாகோஸ் மொரீஷியசுக்கு உரியது என்ற அடிப்படையிலேயே கடல்சட்டத் தீர்ப்பாயத்தின் சிறப்பு அமர்வு விசாரணையைத் தொடர்ந்தது. அதே ஆண்டு, பிரிட்டன் அந்தத் தீவுகளின் பேரில் அச்சடித்த அஞ்சல் தலைகள் செல்லாது என்று உலக அஞ்சல் ஒன்றியம் முடிவெடுத்தது. இறையாண்மை இப்படி அஞ்சல் தலை வரை ஒவ்வொன்றாகக் கழன்றது. பிரிட்டன் பேச்சுவார்த்தைக்கு உட்கார்ந்த காரணம் இதில் இருக்கிறது.

"விட்டுக்கொடுத்துவிட்டது" என்பதற்கும் வருகிறேன். 2025 மே 22 அன்று பிரிட்டனுக்கும் மொரீஷியசுக்கும் இடையே ஒப்பந்தம் கையெழுத்தானது. கையெழுத்து வேறு, நடைமுறைக்கு வருவது வேறு. இரு நாடுகளும் உள்நாட்டுச் சட்ட வேலைகளை முடித்து ஏற்புறுதி (முறைப்படியான இறுதி ஒப்புதல்) செய்ய வேண்டும். அப்படி வந்தாலும் சாகோஸ் தீவுகளில் ஒன்றான டியாகோ கார்சியாவில் உள்ள ராணுவத் தளம் 99 ஆண்டு பிரிட்டன் கையில்தான். குத்தகை சராசரியாக ஆண்டுக்கு 10 கோடியே 10 லட்சம் பவுண்டு. பெயரளவில் இறையாண்மை ஓரிடத்தில், அதிகாரம் இன்னோரிடத்தில். எழுத வேண்டிய விஷயம் இது.

அந்தத் தீவுகளிலிருந்து துரத்தப்பட்ட மக்களைப் பற்றியும் கட்டுரையில் ஒரு வரி இல்லை. 1973க்குள் ஆயிரத்துக்கும் மேற்பட்டோரை அப்புறப்படுத்தினார்கள்; அவர்கள் வளர்த்த நாய்களைக் கொட்டகையில் அடைத்துப் புகையிட்டுக் கொன்றார்கள். இந்த ஒப்பந்தத்திலும் தங்களைக் கேட்கவில்லை என்று அவர்களில் பலர் குமுறுகிறார்கள். 2021 அக்டோபரில் படகு பழுதாகி டியாகோ கார்சியாவில் கரையேறிய இலங்கைத் தமிழர்களையாவது நினைத்திருக்கலாம். அகதிகள் உடன்படிக்கை அந்தத் தீவுக்குப் பொருந்தாது என்று பிரிட்டன் வாதிட்டது. தமிழ் இதழ் ஒன்று அதை மறந்தது எனக்கு மிகவும் வருத்தம்.

இது முதல் தடவையும் அல்ல. புதினுக்கு 2023 மார்ச்சில் பிடியாணை பிறப்பித்தது சர்வதேசக் குற்றவியல் நீதிமன்றம். நீங்கள் போட்டது நாடுகளின் வழக்கை விசாரிக்கும் நீதிமன்றத்தின் படம். இரண்டும் ஒரே ஊரில் இருக்கின்றன, அவ்வளவுதான். 12 கடல் மைல் ஆட்சிக் கடலையும் 200 கடல் மைல் பொருளாதார மண்டலத்தையும் மீனவர் செய்திகளில் ஒன்றாக்கி எழுதுகிறீர்கள். முன்பு எழுதிய கடிதங்களுக்குப் பதிலும் இல்லை, திருத்தமும் இல்லை.

அடுத்த இதழில் நான்கு வரித் திருத்தம் போடுங்கள்: அது ஆலோசனைக் கருத்து, தீவுகள் 1965இல் மொரீஷியசிலிருந்து பிரிக்கப்பட்டவை, 2025 ஒப்பந்தம் ஏற்புறுதிக்குப் பிறகே நடைமுறைக்கு வரும், தளம் 99 ஆண்டு குத்தகையில் பிரிட்டனிடமே இருக்கும். கட்டுரை வந்த அதே பக்கத்தில் போட்டால் நன்றி உடையவனாவேன்.

இப்படிக்கு,
சர்வதேசச் சட்ட ஆசிரியர் ஒருவர்,
மதுரை