புதிய மருந்து வரட்டும், ஊரிலிருந்து மாத்திரை அட்டை வர வேண்டாம்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். எந்த மருந்துக்கும் மசியாத கிருமிகளைக்கூடக் கொல்லும் புதிய செயற்கை ஆன்டிபயாட்டிக் ஒன்றை ஆய்வகத்தில் உருவாக்கிவிட்டார்கள் என்ற செய்தி எங்கள் உறவினர் வாட்ஸ்அப் குழுவில் சுற்றிச் சுற்றி வருகிறது. கிரெசோமைசின் என்று அதற்குப் பெயர். அனுப்புகிறவர்கள் கூடவே "இனி கவலை இல்லை" என்று ஒரு வரியும் சேர்த்துவிடுகிறார்கள். அந்த ஒரு வரியைப் படித்துவிட்டுத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். கவலை இருக்கிறது. அதில் நம் சிங்கப்பூர்த் தமிழ்க் குடும்பங்களுக்கென்று ஒரு பங்கும் இருக்கிறது, அதை நம் பத்திரிகையிலேயே பேசாமல் வேறு எங்கே பேசுவது?

முதலில் மருந்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அது உண்மையிலேயே நல்ல செய்தி. ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் ஆண்ட்ரூ மையர்ஸ் தலைமையிலான குழு, சிகாகோவில் உள்ள இல்லினாய் பல்கலைக்கழக ஆய்வாளர்களோடு சேர்ந்து 2024 பிப்ரவரியில் 'சயன்ஸ்' இதழில் இதை வெளியிட்டது. பாக்டீரியா உயிர்வாழப் புரதம் வேண்டும், அந்தப் புரதத்தைத் தயாரிக்கும் இடத்துக்கு ரைபோசோம் என்று பெயர். அங்கே போய் ஒட்டிக்கொண்டு வேலையை நிறுத்திவிடுவதுதான் இந்த மருந்தின் வழி. கிளின்டாமைசின் என்ற பழைய மருந்தும் இதையேதான் செய்துவந்தது, ஆனால் கிருமிகள் சும்மா இருக்கவில்லை. மருந்து வந்து உட்காரும் இடத்திலேயே மெத்தில் என்ற சின்ன அணுத்தொகுதியை ஒட்டிவைத்து, மருந்து உள்ளே வர முடியாமல் செய்யக் கற்றுக்கொண்டுவிட்டன. சாதாரண மருந்து மூலக்கூறு வளைந்து நெளிந்துகொண்டே இருக்கும், ரைபோசோமில் பொருந்துவதற்கான வடிவத்துக்கு வரவே அது கொஞ்சம் ஆற்றலைச் செலவழிக்க வேண்டும். கிரெசோமைசினோ, மடிப்பு எடுத்துத் தைத்து வைத்த ரெடிமேட் சேலை மாதிரி, தேவையான வடிவத்திலேயே விறைப்பாக உருவாக்கப்பட்டது. அதனால் அந்தத் தடையையும் மீறி இறுக்கமாகப் பிடித்துக்கொள்கிறது. மருத்துவமனைகள் பயப்படும் எம்ஆர்எஸ்ஏ, ஈ.கோலை, சூடோமோனாஸ் கிருமிகள் தொற்றிய எலிகளுக்குக் கொடுத்துப் பார்த்தபோது நன்றாக வேலை செய்தது.

எலிகளுக்கு. இந்த ஒரு சொல் பகிரப்படும் செய்திகளில் எங்கேயோ தொலைந்துவிடுகிறது. எலியிலிருந்து மனிதருக்கு வந்து, பாதுகாப்பு, அளவு, பலன் என்று ஒவ்வொரு கட்டமாகத் தாண்டி, ஒரு மருந்து நம் மருத்துவர் கைக்கு வந்து சேர பத்து, பதினைந்து ஆண்டுகள் ஆவது சாதாரணம். பாதியில் நின்றுபோகும் மருந்துகள்தான் அதிகம்.

சரி, அதுவும் தாண்டி வந்துவிட்டது என்றே வைத்துக்கொள்வோம். செயற்கை மருந்துதானே, இயற்கையில் இல்லாத பொருளைக் கிருமி எப்படிச் சமாளிக்கும் என்று ஒருவர் எங்கள் குழுவில் கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. அதற்குப் பதில் லினசோலிட் மருந்தின் கதையில் இருக்கிறது. அதுவும் முழுக்கச் செயற்கை, மண்ணிலோ பூஞ்சையிலோ எடுத்ததல்ல. இயற்கையில் இல்லாத புது வகை என்பதால் இதற்கு எதிர்ப்பு அவ்வளவு சீக்கிரம் வராது என்ற நம்பிக்கையோடு 2000ஆம் ஆண்டு அமெரிக்காவில் அனுமதி கொடுத்தார்கள். அடுத்த ஆண்டே, 2001இல், அதற்கு அடங்காத ஸ்டஃபைலோகாக்கஸ் கிருமி ஒரு நோயாளியிடம் இருந்ததாக மருத்துவ இதழில் பதிவாகிவிட்டது. லினசோலிட் இன்றும் பயன்படும் அருமையான மருந்துதான், பெரும்பாலான கிருமிகள் இன்னும் அதற்கு அடங்கத்தான் செய்கின்றன, பார்த்துப் பார்த்துக் கொடுப்பதால் அது தாக்குப்பிடிக்கிறது. நம்மில் பலர் கடலை மிட்டாய் போல வாங்கி விழுங்கும் சிப்ரோவும் செயற்கைதான். இன்று பல கிருமிகள் அதற்கு அடங்குவதில்லை என்று எந்த மருத்துவரைக் கேட்டாலும் சொல்வார்.

என் மாமியாருக்கு நடந்ததை இங்கே சொல்லியாக வேண்டும், அவரும் எழுதச் சொன்னார். ஊருக்குப் போய்விட்டுத் திரும்பிய சில வாரங்களில் அவருக்குச் சிறுநீர்த் தொற்று வந்தது. வழக்கமான மாத்திரை கேட்கவில்லை, காய்ச்சல் ஏறிக்கொண்டே போய், மருத்துவமனையில் சேர்த்தோம். சிறுநீரைப் பரிசோதித்ததில் இஎஸ்பிஎல் என்கிற நொதியைச் சுரக்கும் ஈ.கோலை என்று தெரிந்தது. பென்சிலின் வகையையும் அதற்கு அடுத்த பெரிய வகையான செஃபலோஸ்போரின்களில் பலவற்றையும் அந்த நொதி உடைத்துப் போட்டுவிடும். அவருக்கு வேலை செய்யக்கூடிய மாத்திரை ஒன்றுகூடப் பரிசோதனை முடிவில் வரவில்லை, நரம்பு வழியாக ஏற்றும் மருந்துதான். வார்டிலேயே கிடக்க வேண்டாம் என்று கையில் மெல்லிய குழாய் பொருத்தி வீட்டுக்கு அனுப்பினார்கள், தினமும் வெளிநோயாளியாகப் போய் ஒரு தவணை எர்ட்டாபெனம் ஏற்றிக்கொண்டு வந்தார். அந்தக் குழாய் நனையாமல் குளிப்பது, இரவில் அதன் மேல் புரண்டு படுக்காமல் இருப்பது, நான் வேலைக்கு லீவு போடுவது, என் கணவர் போடுவது என்று வீடே அதைச் சுற்றி ஓடியது. எர்ட்டாபெனம் இருந்ததால் அவர் பிழைத்தார். அந்த வகை மருந்துக்கும் அடங்காத கிருமிகள் இப்போது உலகெங்கும் இருக்கின்றன, சிங்கப்பூர் மருத்துவமனைகளிலும் அவற்றைக் கண்காணித்து வருகிறார்கள்.

"ஊரில் ஏதாவது ஆன்டிபயாட்டிக் சாப்பிட்டீர்களா?" என்று மருத்துவர் கேட்டார். சாப்பிட்டிருந்தார். தொண்டைக் கரகரப்புக்கு மருந்துக்கடையில் கேட்டு வாங்கிய மாத்திரை, மிச்சம் பெட்டியில் இங்கே வந்திருந்தது. அதனால்தான் இது வந்தது என்று யாராலும் உறுதியாகச் சொல்ல முடியாது, மருத்துவரும் அப்படிச் சொல்லவில்லை. ஆனால் அவர் ஏன் அந்தக் கேள்வியைக் கேட்டார் என்று பிறகு தேடிப் படித்தபோது எனக்குப் புரிந்தது. நெதர்லாந்தில் வெளிநாட்டுப் பயணம் போய் வந்த சுமார் 2,000 பேரைப் பரிசோதித்து 2017இல் ஓர் ஆய்வு வெளியிட்டார்கள். போகும்போது இஎஸ்பிஎல் சுரக்கும் கிருமி இல்லாதவர்களில், தென்னாசியா போய் வந்தவர்களில் நான்கில் மூன்று பேர் அதைக் குடலில் சுமந்துகொண்டு திரும்பியிருந்தார்கள். பயணத்தின்போது ஆன்டிபயாட்டிக் சாப்பிட்டவர்களுக்கு அந்த வாய்ப்பு இன்னும் கூடியது. பெரும்பாலானவர்களுக்கு எந்தத் தொந்தரவும் இல்லாமல் சில வாரங்களில் அது போய்விட்டது, ஆனால் ஏறக்குறைய பத்தில் ஒருவரிடம் ஓராண்டு கழித்தும் இருந்தது. வீட்டில் உள்ளவர்களுக்கும் அது பரவ முடியும்.

நான் ஊரைக் குறை சொல்லவில்லை. அங்கே தண்ணீர், கழிவுநீர், நெரிசல் என்று எத்தனையோ காரணங்கள் இருக்கின்றன, அதற்கு நம் உறவுகள் பொறுப்பல்ல. ஊருக்குப் போகாமலும் இருக்க முடியாது. நம் கையில் இருப்பது ஒன்றுதான், அந்த மாத்திரை அட்டை.

நம் பழக்கத்தை நினைத்துப் பாருங்கள். ஊருக்குப் போனால் திரும்பும் பெட்டியில் ஊறுகாய், வடகம், அப்புறம் ஒரு பை நிறைய மருந்து. அசித்ரோமைசின் ஓர் அட்டை, அமாக்சிசிலின் ஓர் அட்டை, சிப்ரோ ஓர் அட்டை. இங்கே மருத்துவர் சீட்டு இல்லாமல் ஆன்டிபயாட்டிக் வாங்க முடியாது, மருத்துவரைப் பார்க்கச் செலவு, நேரம், "சளிக்கு எதற்கு ஆன்டிபயாட்டிக், தண்ணீர் குடியுங்கள், ஓய்வெடுங்கள்" என்று அனுப்பிவிடுவார் என்ற எரிச்சல் வேறு. அதனால் ஊர் அட்டை அலமாரியில் தயாராக இருக்கும். பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் பாதி மாத்திரை, பக்கத்து வீட்டு அக்காவுக்கு இருமல் என்றால் இரண்டு மாத்திரை. அக்கறையோடுதான் கொடுக்கிறோம். ஆனால் சளி, இருமல், காய்ச்சலில் பெரும்பாலானவை வைரஸால் வருபவை, ஆன்டிபயாட்டிக் வைரஸை ஒன்றும் செய்யாது. குடலில் அமைதியாக இருக்கும் பாக்டீரியாக்களில் அடங்கக்கூடியவற்றைக் கொன்றுவிட்டு, அடங்காதவற்றுக்கு இடம் விட்டுக்கொடுக்கிறது, அவ்வளவுதான். அந்த அடங்காத குணத்தை ஒரு பாக்டீரியா இன்னொன்றுக்கு அப்படியே கைமாற்றிக் கொடுக்கவும் முடியும், வேறு இனமாக இருந்தாலும்கூட.

இது புதிதாக யாரும் கண்டுபிடித்துச் சொல்வதும் அல்ல. பென்சிலினைக் கண்டுபிடித்த அலெக்சாண்டர் ஃபிளெமிங் 1945இல் நோபெல் பரிசு வாங்கியபோது ஆற்றிய உரையிலேயே, தொண்டை வலிக்குத் தானாகப் பென்சிலின் வாங்கிப் போதாத அளவில் சாப்பிட்ட ஒருவரிடமிருந்து, மருந்துக்கு அடங்காத கிருமி மனைவிக்குத் தொற்றி, அவள் நிமோனியாவில் இறந்துபோவதாக ஒரு கற்பனைக் கதையைச் சொல்லி எச்சரித்திருந்தார். எண்பது வருடம் ஆகிவிட்டது. 2021இல் மட்டும் மருந்துக்கு அடங்காத பாக்டீரியாவே நேரடிக் காரணமாக உலகில் சுமார் 11 லட்சத்து 40 ஆயிரம் பேர் இறந்ததாக 'லான்செட்' இதழில் கணக்கிட்டிருக்கிறார்கள். இந்தத் தொல்லையால் இறப்பவர்களில் 70 வயதைத் தாண்டியவர்களின் எண்ணிக்கை ஏறிக்கொண்டே போகிறது என்றும் அதே ஆய்வு சொல்கிறது. நம் வீடுகளில் இருக்கும் தாத்தா பாட்டிகளை நினைத்துக்கொண்டு அதைப் படித்தேன்.

வெளிநாட்டு ஊழியர்களைப் பற்றியும் சொல்ல வேண்டும், ஏனென்றால் அவர்களைக் கைகாட்டிவிட்டு நகர்ந்துவிடுவது சுலபம். விடுதியில் ஒரு தம்பிக்குக் காய்ச்சல் வந்தால், எம்சி எடுத்தால் முதலாளி என்ன சொல்வாரோ, ஓவர்டைம் போய்விடுமோ என்று பயந்து, ஊரிலிருந்து கொண்டுவந்த மாத்திரையைப் போட்டுக்கொண்டு வேலைக்குக் கிளம்பிவிடுகிறார். விடுதியில் தங்கும் ஊழியர்களுக்கு 2022இலிருந்து அடிப்படை மருத்துவத் திட்டம் நடப்பில் இருக்கிறது, முதலாளிதான் அதை வாங்கித் தர வேண்டும். அப்படி ஒன்று இருப்பது எல்லாத் தம்பிகளுக்கும் தெரியுமா, தெரிந்தாலும் தயங்காமல் போகிறார்களா என்பதை அவர்களோடு பழகும் நம் கோயில்களும் சங்கங்களும் கேட்டுப் பார்க்க வேண்டும்.

இன்னொன்று, நம் ஊரைப் பற்றிப் பெருமையாகச் சொல்லக்கூடியது. மருந்துக்கு அடங்காத கிருமி என்றால் உடனே எர்ட்டாபெனம் வகை மருந்தையும் உடைத்துப் போடும், புதுடெல்லி பெயர் வைத்த என்டிஎம்-1 நொதியை மட்டும்தான் பேசுகிறார்கள். 2012இல் இந்திய மருத்துவச் சங்கங்கள் பல சென்னையில் கூடி, ஆன்டிபயாட்டிக் விற்பனைக்குக் கட்டுப்பாடு வேண்டும் என்று 'சென்னைப் பிரகடனம்' கொண்டுவந்ததை யாரும் பேசுவதில்லை. சில ஆன்டிபயாட்டிக்குகளைச் சீட்டைப் பார்த்துப் பதிவேட்டில் எழுதிவிட்டுத்தான் விற்க வேண்டும் என்ற எச்1 பட்டியல் 2014இல் அங்கே நடைமுறைக்கு வந்தது. அட்டையின் ஓரத்தில் இருக்கும் சிவப்புக் கோட்டுக்கு அர்த்தமும் அதுதான், மருத்துவர் எழுதிக் கொடுக்காமல் சாப்பிடாதே. என் மாமியாரைப் படுத்திய அந்த இஎஸ்பிஎல் நொதியையே முடக்கும் என்மெட்டாசோபேக்டம் என்ற செயற்கை மூலக்கூறு சென்னையின் ஆர்க்கிட் நிறுவன ஆய்வகத்தில் பிறந்ததுதான். செஃபெபிம் என்ற ஆன்டிபயாட்டிக்கோடு அதைச் சேர்த்து, சிக்கலான சிறுநீர்த் தொற்றுக்கான மருந்தாக 2024 பிப்ரவரியில் அமெரிக்கா அனுமதித்தது. கிரெசோமைசின் பற்றிய கட்டுரை வந்த அதே மாதம். இதை ஏன் யாரும் வாட்ஸ்அப்பில் அனுப்பவில்லை என்று எனக்கு ஆதங்கம்.

இப்படி ஒரு மருந்தைக் கொண்டுவருவது எவ்வளவு கஷ்டம் என்பதற்கு அமெரிக்காவின் அக்காவோஜென் நிறுவனமே சாட்சி. பிளாசோமைசின் என்ற மருந்துக்கு 2018இல் அனுமதி வாங்கிய அந்த நிறுவனம், அடுத்த ஆண்டே திவாலாகிவிட்டது. நல்ல புது ஆன்டிபயாட்டிக்கை அவசரத்துக்கென்று ஒதுக்கித்தான் வைப்பார்கள், அதிகம் விற்காது, விற்காத மருந்தில் யார் பணம் போடுவார்கள்? விற்பனை எவ்வளவு என்று பார்க்காமல் ஆண்டுக்கு ஒரு தொகை கொடுத்துவிடும் ஏற்பாட்டை இங்கிலாந்து 2022இல் தொடங்கியிருக்கிறது. மற்ற நாடுகளும் அப்படிச் செய்ய வேண்டும் என்பது என் கருத்து, ஆனால் அது அரசாங்கங்கள் பேச வேண்டிய விஷயம்.

ஆசிரியர் அவர்களே, உங்களிடம் ஒரு வேண்டுகோள். ஒவ்வோர் ஆண்டும் நவம்பர் 18 முதல் 24 வரை, மருந்துக்கு அடங்காத கிருமிகள் பற்றிய உலக விழிப்புணர்வு வாரம் வருகிறது. அந்த வாரத்தில் ஒரு முழுப் பக்கம் ஒதுக்குங்கள். தமிழ் பேசும் மருத்துவர், மருந்தாளர், தாதியர் இங்கே நிறையப் பேர் இருக்கிறார்கள், அவர்களை எழுதச் சொல்லுங்கள். சிவப்புக் கோட்டின் படத்தைப் பெரிதாகப் போடுங்கள். சளிக்கு ஆன்டிபயாட்டிக் கொடுக்காத மருத்துவர் ஏன் நல்ல மருத்துவர் என்று சொல்லுங்கள். வீட்டில் கிடக்கும் மிச்ச மாத்திரையை என்ன செய்வது, ஊருக்குப் போன இடத்தில் உடம்பு சரியில்லாமல் போனால் என்ன கேட்க வேண்டும், திரும்பி வந்து மருத்துவமனையில் சேர்ந்தால் பயண விவரத்தையும் சாப்பிட்ட மருந்தையும் ஏன் மறைக்காமல் சொல்ல வேண்டும் என்பதையெல்லாம் பாட்டிகளுக்கும் விடுதித் தம்பிகளுக்கும் புரிகிற தமிழில் போட்டால், அந்தப் பக்கத்தை எங்கள் புளோக்கின் மின்தூக்கிப் பக்கத்தில் ஒட்ட அனுமதி வாங்குவதை நான் பார்த்துக்கொள்கிறேன். என் மாமியார் தேக்காவில் தன் தோழிகளுக்குக் கொடுக்க இப்போதே பிரதி கேட்கிறார்.

இப்படிக்கு,
ஒரு வாசகி,
ஈசூன்