கேட்டு முடித்த நீதிபதியே தீர்ப்பும் சொல்லட்டும்

மாண்பமை சென்னை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதி அவர்களுக்கும், நிர்வாகப் பொறுப்பில் உடனிருக்கும் மூத்த நீதியரசர்களுக்கும்,

வணக்கம்.

போன வாரம் ரோஸ்டர், அதாவது எந்த நீதிபதி எந்த வகை வழக்கைக் கேட்பது என்ற பட்டியல், மாறியதில், எங்கள் ஆட்களுக்குக் கிடைத்த லேபர் கோர்ட் தீர்ப்பை எதிர்த்துக் கம்பெனி போட்ட ரிட் மனு மறுபடியும் முதல் படியில் வந்து நிற்கிறது. இரண்டு தரப்பு வாதமும் முடிந்துபோன மனு அது. எழுத்துபூர்வமான வாதம் தாக்கல் செய்யக் கம்பெனி வக்கீல் அவகாசம் கேட்டார், கிடைத்தது. அந்த அவகாசம் முடிவதற்குள் தொழிலாளர் வழக்குகளைக் கேட்டுவந்த நீதிபதி கிரிமினல் பக்கம் போய்விட்டார். புதிதாக வந்தவர் கட்டைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "முழுசாகக் கேட்க வேண்டும், நான்கு வாரம் கழித்துப் போடுங்கள்" என்றார். அவர் மேல் எங்களுக்கு ஒரு வருத்தமும் இல்லை. கேட்காத வழக்கில் எப்படித் தீர்ப்பு எழுதுவார்? கேட்டவரை ஏன் தீர்ப்பு எழுத விடவில்லை என்பதுதான் எங்கள் கேள்வி. இந்த வழக்கில் இப்படி நடப்பது முதல் தடவையும் இல்லை.

நான் வக்கீல் இல்லை. திருவொற்றியூரில் ஒரு சங்க அலுவலகத்தில் டைப் அடிப்பவள். சாயங்காலம் காஸ் லிஸ்ட், அதாவது மறுநாள் கேட்கப்படும் வழக்குகளின் பட்டியல், ஏறியதும் போனில் தேடிப் பார்த்து, எந்தக் கோர்ட், எத்தனையாவது ஐட்டம் என்று பெரியவர்களுக்குச் சொல்வது என் வேலை. "இன்னா பாப்பா, நம்ம நம்பர் வந்துச்சா?" என்று கேட்டுப் போன் வரும். எழுபதுக்கு மேல் எண் இருந்தால் நாளைக்கு எட்டாது என்று எனக்குத் தெரியும். ஆனாலும் வர வேண்டாம் என்று சொல்ல வாய் வராது. இவர்களில் சிலர் வழக்கு தொடங்கியபோது 56 வரிசைப் பஸ்ஸில் பாரிமுனைக்குத் தொங்கிக்கொண்டு வந்தவர்கள். 2021-ல் மெட்ரோ விம்கோ நகர் வரை வந்துவிட்டது. தேரடியில் ஏறினால் ஐகோர்ட் வாசலிலேயே இறங்கலாம். சுரங்கம் தோண்டி, தூண் எழுப்பி, தண்டவாளம் போட்டு, ரயிலும் விட்டுவிட்டார்கள். எங்கள் வழக்கு இன்னும் விசாரணைக் கட்டத்தில்தான் இருக்கிறது.

பின்னணி உங்களுக்குத் தெரியாததில்லை. மணலிப் பக்கம் ஒரு தொழிற்சாலை. சங்கம் வைத்ததற்காக வெளியே அனுப்பப்பட்டவர்கள். லேபர் கோர்ட் சாட்சி கேட்டு, ஆவணம் பார்த்து, பின்சம்பளத்தோடு, அதாவது வெளியே நிறுத்திய காலத்துச் சம்பளத்தோடு, மறுபடி வேலை கொடு என்று தீர்ப்பளித்தது. கம்பெனி ரிட் போட்டுத் தடையாணை வாங்கியது. ரிட் விசாரணையில் கீழே பார்த்த சாட்சியத்தை மேலே மறுபடி அலசக் கூடாது, சட்டப்பிழை வெளிப்படையாக இருக்கிறதா என்று மட்டுமே பார்க்க வேண்டும் என்று அறுபதுகளிலேயே சையத் யாகூப் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதுவும் இந்தச் சென்னையிலிருந்து போன வழக்குதான். பார்க்க வேண்டியது அவ்வளவுதான் என்றால், பார்க்க ஏன் இத்தனை வருடம்?

தடையாணை இருந்தாலும் தொழிலாளி பட்டினி கிடக்கக் கூடாது என்று தொழில் தகராறுச் சட்டத்தில் 17-பி பிரிவு சேர்த்தார்கள். 1984-லிருந்து நடைமுறையில் இருந்துவந்த பிரிவு. மேல் கோர்ட்டில் வழக்கு நிலுவையில் இருக்கும்வரை, கடைசியாக வாங்கிய சம்பளத்தைக் கம்பெனி கொடுத்துவர வேண்டும். நல்ல பிரிவு. ஆனால் அதற்குள் ஒரு மனிதர் எப்படி வாழ்கிறார் என்பதை நீங்கள் ஒருமுறை அருகில் வந்து பார்க்க வேண்டும்.

எங்கள் தெருவில் ஒருவர் இருக்கிறார். லேத் ஓட்டியவர். அவருக்குக் கிடைக்கும் 17-பி பணம் ஒன்பதாயிரத்துச் சொச்சம். வேலையை விட்டு அனுப்பிய மாதத்தில் வாங்கிய சம்பளம் அது. வாடகை ஏறலாம், கேஸ் ஏறலாம், அந்தத் தொகை ஏறாது. அதை வாங்க, நான் வேறு எந்த நிறுவனத்திலும் வேலை செய்யவில்லை என்று அவர் பிரமாணப் பத்திரம் கொடுக்க வேண்டும். கொடுத்தார். நான்தான் அடித்தேன்.

ஒருநாள் அவருடைய தங்கை ஸ்டான்லி ஆஸ்பத்திரிக்கு மாத்திரை வாங்கப் போனபோது, திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் அவள் போட்டிருக்கும் இட்லிக் கடையில் இவர் உட்கார்ந்திருந்தார். யாரோ செல்போனில் படம் எடுத்திருக்கிறார்கள். தோளில் துண்டு, கையில் சில்லறை. அந்தப் படம் கலராகப் பிரிண்ட் போடப்பட்டு, கம்பெனியின் பதில் மனுவோடு கோர்ட்டில் வந்தது. இவர் வருமானம் ஈட்டுகிறார், ஆகவே பணத்தை நிறுத்த வேண்டும் என்று. அதற்கு நாங்கள் ஒரு பதில், தங்கையின் பிரமாணப் பத்திரம் ஒன்று, ஆஸ்பத்திரி சீட்டின் ஜெராக்ஸ். அதை விசாரிக்கவே வாய்தா மேல் வாய்தா. விசாரித்து முடிப்பதற்குள் ரோஸ்டர் மாறியது. புதிய நீதிபதிக்கு அந்தச் சீட்டை முதலிலிருந்து விளக்க வேண்டியிருந்தது.

கடைசியில் பணம் நிற்கவில்லை, உண்மைதான். ஆனால் அதற்குப் பிறகு அவர் அந்தக் கடைப் பக்கம் போவதில்லை. பேரனைப் பள்ளியிலிருந்து கூட்டிவர யாருடைய வண்டியையாவது இரவல் வாங்கி ஓட்டினால்கூட, டெலிவரி வேலை என்று படம் பிடிப்பார்களோ என்று யோசிக்கிறார். இரும்பைக் கடைந்து நூல் பிசகாமல் எடுத்த கை. வேலை செய்யாமல் இருப்பதையே வேலையாகச் செய்துகொண்டிருக்கிறது. இதற்கிடையில் அவருக்கு 58 தாண்டிவிட்டது. 'மறுபடி வேலை கொடு' என்ற வரியை இனி நீங்கள் உறுதி செய்தாலும் அவர் உள்ளே போக முடியாது. மீதி இருப்பது பின்சம்பளமும் கிராஜுவிட்டியும்தான்.

அதைக்கூட வாங்காமல் போய்விட்டவர்கள் இருக்கிறார்கள். இறப்புச் சான்றிதழ், தாசில்தார் கொடுத்த வாரிசுச் சான்றிதழ், மனைவியையும் பிள்ளைகளையும் வழக்கில் சேர்க்கக் கோரும் மனு. அந்த மனுவின் வாசகம் எனக்கு மனப்பாடம். பெயரையும் தேதியையும் மட்டும் மாற்றினால் போதும்.

இவ்வளவையும் உங்கள் தலையில் கட்டுவது நியாயமா என்று நீங்கள் கேட்கலாம். அனுமதிக்கப்பட்ட நீதிபதி இடங்கள் 75. அத்தனையும் நிரம்பி நான் பார்த்ததில்லை. அதற்கு மூத்த நீதிபதிகளின் குழுவான கொலீஜியம் பரிந்துரைக்க வேண்டும், தில்லி ஒப்புதல் தர வேண்டும், கோப்பு நகர வேண்டும். சரி, அது முழுக்க உங்கள் கையில் இல்லை. எங்கள் ஆட்களுக்குப் புரியும்படி தமிழில் வாதாட முடியவில்லை. 2006-ல் சட்டமன்றம் தீர்மானம் போட்டு அனுப்பியும் பலனில்லை. ராஜஸ்தான், உத்தரப் பிரதேசம், மத்தியப் பிரதேசம், பீகார் உயர் நீதிமன்றங்களில் இந்தி புழங்கலாம் என்றால் இங்கே தமிழ் ஏன் புழங்கக் கூடாது என்று கேட்டால் அதற்கும் விடை தில்லியில் இருக்கிறது. நீங்களே எப்போது எங்கே மாற்றப்படுவீர்கள் என்பதுகூட உங்கள் கையில் இல்லை. 2021 ஜனவரியில் தலைமை நீதிபதியாக வந்த சஞ்சிப் பானர்ஜி அவர்களை நவம்பரில் மேகாலயாவுக்கு அனுப்பினார்கள். பாதியில் எடுத்து வேறிடத்தில் வைப்பது எப்படி இருக்கும் என்று உங்களுக்குத் தெரியாமலா இருக்கும்?

ரோஸ்டர் அப்படியில்லை. அதற்கு எந்த அமைச்சகத்தின் கையெழுத்தும் வேண்டாம். எந்த நீதிபதி எந்த வழக்கைக் கேட்பது என்று முடிவு செய்யும் அதிகாரம் தலைமை நீதிபதிக்கு மட்டுமே உரியது என்று ராஜஸ்தான் அரசு எதிர் பிரகாஷ் சந்த் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. ஆகவே இந்த ஒரு விஷயத்தில் யாரையும் கை காட்ட வழியில்லை.

ரோஸ்டர் எவ்வளவு பெரிய விஷயம் என்று எங்களுக்குச் சொல்லிக்கொடுத்ததே மூத்த நீதிபதிகள்தான். 2018 ஜனவரி 12 அன்று உச்ச நீதிமன்றத்தின் நான்கு மூத்த நீதிபதிகள், செலமேஸ்வர் அவர்கள் வீட்டுப் புல்தரையில் உட்கார்ந்து, வழக்குகளைப் பிரித்துக் கொடுப்பதில் முறை தவறுகிறது என்று பத்திரிகைகளிடம் பேசினார்கள். நாடே பார்த்தது. பெரிய வழக்கு எந்தப் பெஞ்சுக்குப் போகிறது என்பது ஜனநாயகப் பிரச்சினை ஆகிவிட்டது. லேத் ஓட்டியவர் வழக்கு பெஞ்ச் பெஞ்சாகச் சுற்றுவது மட்டும் அலுவலக நடைமுறை. எங்கள் வீடுகளில் புல்தரை இல்லாததுதான் குறையோ என்னவோ!

கொஞ்சம் அதிகமாகப் பேசிவிட்டேன் என்று தோன்றலாம். முடிந்த வழக்கின் தீர்ப்பை நியாயமாக விமர்சிப்பது அவமதிப்பு ஆகாது என்று 1971 நீதிமன்ற அவமதிப்புச் சட்டத்தின் 5-வது பிரிவு சொல்கிறதாம், எங்கள் வக்கீல் சொன்னார். விமர்சிக்கவாவது ஒரு தீர்ப்பு கொடுங்கள் என்றுதான் கேட்கிறோம். எங்கள் வழக்கு இன்னும் முடியவில்லை. கம்பெனியின் பெயரையும், கேட்ட நீதிபதிகளின் பெயரையும் நான் எழுதாததற்கும் அதுவே காரணம்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். வடசென்னைத் தொழிலாளிக்கும் இந்தச் சிவப்புக் கட்டடத்துக்கும் உள்ள உறவு இன்று நேற்று வந்ததில்லை. 1918-ல் பெரம்பூரில் மதராஸ் தொழிலாளர் சங்கம் தொடங்கினார்கள். இரண்டே வருடத்தில் பின்னி கம்பெனி ஐகோர்ட்டுக்கு வந்து, சங்கத் தலைவர் பி.பி. வாடியா மீது வழக்குப் போட்டு, சங்கத்தை முடக்கும் தடையாணையை வாங்கிக்கொண்டு போனது. அந்த அடிக்குப் பிறகு எழுந்த கோரிக்கையில்தான் 1926 தொழிற்சங்கச் சட்டமே வந்தது. தடையாணை அன்றும் சீக்கிரம் கிடைத்தது, இன்றும் சீக்கிரம் கிடைக்கிறது. அதன்பிறகு வர வேண்டியதுதான் வருவதில்லை.

வருடத்தில் ஒருநாள் ஐகோர்ட்டின் எல்லா கேட்டுகளையும் மூடுகிறீர்கள், பொதுமக்கள் வழிப்பாத்தியம், அதாவது இந்த வழியே நடக்கும் உரிமை, கேட்டுவிடக் கூடாது என்பதற்கான பழைய வழக்கமாம். அந்தக் கவலையே வேண்டாம். மற்ற நாட்களிலும் நாங்கள் அப்படியொன்றும் சுலபமாக உள்ளே வந்துவிடுவதில்லை. 2015-லிருந்து மத்தியத் தொழில் பாதுகாப்புப் படை நிற்கிறது. துறைமுக கேட்டில் எங்களைத் தடவிப் பார்த்தவர்களே இங்கேயும் தடவிப் பார்க்கிறார்கள். பாஸ் போட்டு, பையைக் காட்டி, மாடியேறி, போர்டில் ஐட்டம் எண் நகர்வதைப் பார்த்துக்கொண்டு நிற்கிறோம். நாற்பதில் நிற்கும், நாற்பத்தொன்றுக்குப் போகும், பெஞ்ச் எழுந்துவிடும்.

எங்கெங்கோ போய்விட்டேன், மன்னிக்கவும். கேட்க வந்தது ஒன்றுதான்.

ரோஸ்டரை மாற்ற வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை. ஒரே நீதிபதியிடம் ஒரே வகை வழக்கு நெடுநாள் இருக்கக் கூடாது என்பதில் நியாயம் இருக்கிறது என்பது எங்களுக்கும் தெரியும். வாதம் தொடங்கிய வழக்கும் முடிந்த வழக்கும் அதோடு சேர்ந்து போக வேண்டாம் என்கிறோம். கேட்ட நீதிபதி கிரிமினல் பக்கம் போகட்டும், வரி வழக்குப் பக்கம் போகட்டும். தான் கேட்ட வழக்கைக் கையோடு எடுத்துக்கொண்டு போகட்டும். பகுதி கேட்ட வழக்குகளை அதே நீதிபதி முன் தனியாகப் பட்டியலிடத் தலைமை நீதிபதி உத்தரவிடலாம். சில வழக்குகளுக்கு அப்படி நடப்பதைக் காஸ் லிஸ்டிலேயே பார்க்கிறேன். பெரிய வக்கீல் எழுந்து கேட்டால் நடக்கிறது. கேட்காமலே எல்லோருக்கும் நடக்க வேண்டும், குறைந்தபட்சம் 17-பி பணத்தில் உயிரைப் பிடித்துக்கொண்டிருப்பவர்களின் வழக்குகளிலாவது.

தீர்ப்புக்கு ஒத்திவைத்த பிறகு மூன்று மாதத்தில் தீர்ப்பு வராவிட்டால் மனுச் செய்யலாம், ஆறு மாதம் ஆனால் வேறு பெஞ்சுக்கு மாற்றக் கேட்கலாம் என்று 2001-ல் அனில் ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் வழிகாட்டியது. எங்கள் வழக்கு அந்தக் கணக்கிலும் சேராது. ஏனென்றால் அது ஒத்திவைக்கப்படும் நிலையை எட்டுவதற்கு முன்பே ஒவ்வொரு முறையும் கை மாறிவிடுகிறது. வழக்கு நீண்டதற்குத் தொழிலாளியைத் தண்டிக்கக் கூடாது என்று 2013-ல் தீபாலி குண்டு சுர்வசே வழக்கில் அதே உச்ச நீதிமன்றம் சொன்னதையும் பணிவோடு நினைவூட்டுகிறேன். நாளைக்கே தீர்ப்பு வந்து, இவ்வளவு காலம் ஓடிவிட்டதே என்று பின்சம்பளத்தைப் பாதியாகக் குறைத்துவிடக் கூடாதே என்ற பயம் எங்களுக்கு இருக்கிறது.

தாங்கள் பதிவாளருக்கு ஒரு சுற்றறிக்கை அனுப்பினால் போதும். அடுத்த ரோஸ்டர் அறிவிப்புக்கு முன்னால், தொழிலாளர் ரிட் மனுக்களில் வாதம் கேட்கப்பட்டவை எவை, கேட்டவர் யார் என்று பட்டியல் எடுக்கச் சொல்லுங்கள். அவற்றை அவரவரிடமே திருப்பிப் போடச் சொல்லுங்கள். எங்கள் வழக்கு அந்தப் பட்டியலில் இருக்கும். முன்பு கேட்ட நீதிபதி இன்னமும் இதே கட்டடத்தில்தான் உட்கார்ந்திருக்கிறார், சில அறைகள் தள்ளி. அவர் எடுத்த குறிப்புகளும் அவரிடமே இருக்கும்.

நான்கு வாரம் கழித்து மனு மறுபடி வருகிறது. அதற்குள் தயவுசெய்து இதைப் பார்க்கும்படி கேட்டுக்கொள்கிறேன்.

பணிவுடன்,
திருவொற்றியூர்ச் சங்க அலுவலகத்தில் டைப் அடிப்பவள்