விடுதலைப் பத்திரம்: தங்கையைத் தனியே அழைத்துக் கேட்க வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

குடும்பச் சொத்தில் உடன்பிறந்த பெண்களின் பங்கை, அதை விட்டுக்கொடுப்பதாக எழுதும் விடுதலைப் பத்திரம் மூலம் அண்ணன் தம்பிகள் எழுதி வாங்கிக்கொள்வது பற்றிப் பத்திரிகைகளில் அடிக்கடி படிக்கிறோம். ஆனால், அக்காவின் சொல்லுக்கு அடங்கியே வாழ்ந்த தங்கை அதே அக்காவுக்குத் தன் பங்கை எழுதிக் கொடுப்பது பேச்சில் அடிபடுவதே இல்லை. பல ஆண்டுகள் பத்திர எழுத்தராக இருந்து இதைக் கண்ணால் கண்டதால் எழுதுகிறேன்.

தாய் இறந்தபின் தங்கைகளை வளர்த்து ஆளாக்கிய அக்காமார்களின் உழைப்பு பெரியது. அதை நான் குறைத்துச் சொல்லவில்லை. ஆனால் வளர்த்த உரிமை, எதை உடுத்துவது, யாரோடு பேசுவது, கல்யாணம் வேண்டுமா என்பது வரை தீர்மானிக்கும் அதிகாரமாக மாறி, ஐம்பது வயதிலும் தங்கையின் ஏடிஎம் அட்டை அக்காவின் கைப்பையிலேயே கிடக்கும் வீடுகள் உண்டு. கணவனோ மாமியாரோ இப்படி நடத்தினால் தட்டிக்கேட்கும் உறவினர்கள், அக்கா என்றால் "தாய்க்குச் சமம்" என்று பேசாமல் இருந்துவிடுகிறார்கள்.

அப்படிப்பட்ட வீட்டிலிருந்து, பத்திரம் எழுத அக்காவோடு என்னிடம் வந்த ஒரு தங்கையிடம் சொத்து விவரத்தை வாசித்துக் காட்டி, "வீட்டில் உங்கள் பாதிப் பங்கை விட்டுக்கொடுக்கிறீர்கள், தெரியுமா அம்மா?" என்று கேட்டேன். அவர் அக்காவின் முகத்தைப் பார்த்தார். "அவளுக்கு என்ன தெரியும், நீங்க எழுதுங்க" என்று அக்காவே பதில் சொன்னார். சார்பதிவாளர் முன்பும் ஒரு தலையசைப்பு, புகைப்படம், விரல் ரேகை, அவ்வளவுதான்.

உயில் எழுதாமல் இறந்த தந்தையின் சொத்தில் மகள்களுக்குச் சம பங்கு என்பது 1956 முதல் இந்து வாரிசுரிமைச் சட்டத்தில் உள்ளது. ஒருவரை ஆட்டிப்படைக்கும் நிலையில் இருப்பவர் அதைப் பயன்படுத்திப் பெற்ற சம்மதம் செல்லாது என்று வழக்காட 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டமும் இடம் தருகிறது. ஆனால், பத்திரத்தை ரத்து செய்யக் கோருவதற்கு, உண்மை தெரிந்த நாளிலிருந்து 3 ஆண்டுகளே அவகாசம். சோறும் கூரையும் அக்காவின் கையில் இருக்கும்போது எந்தத் தங்கை நீதிமன்றப் படியேறுவாள்?

ஆகவே பதிவுக்கு முன்பே தடுப்பு வேண்டும். எழுதிக் கொடுப்பவரைச் சார்பதிவாளர், உடன் வந்தவர்கள் இல்லாமல் தனியே அழைத்து, எந்தச் சொத்து, எவ்வளவு பங்கு, வழிகாட்டி மதிப்பு (அரசு நிர்ணயித்துள்ள மதிப்பு) என்ன என்பதை விளக்கி, ஈடாகப் பணம் ஏதும் பெற்றாரா என்று கேட்டு, அவர் தம் வாயால் சொல்லும் பதிலைக் குறித்துக்கொள்ள வேண்டும். மனமார விட்டுக்கொடுப்பவருக்கு இதனால் ஒரு சிரமமும் இல்லை. இதற்கான சுற்றறிக்கையைப் பதிவுத்துறைத் தலைவர் எல்லாச் சார்பதிவாளர்களுக்கும் அனுப்ப வேண்டுமென்று தங்கள் நாளிதழ் வழியாகக் கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற பத்திர எழுத்தர்,
கும்பகோணம்.